ஒவ்வொரு சொல்லும் கேட்கணும்

அலமாரிக்குள் போர்வைகளைத் தொங்கவிட்டு, தம்பியை அதற்குள் நிற்கவைத்துப் பதிவு செய்த ராப் பாட்டு காலை எட்டு மணிக்கு இணையத்தில் ஏறியது. பதினோரு மணிக்குள் நான்காயிரம் பேர் கேட்டுவிட்டார்கள். அக்காக்காரிக்குக் கால் தரையில் பாவவில்லை. பல் மருத்துவமனையில் டோக்கன் கொடுக்கும் வேலைக்கு விடுப்பு சொல்லிவிட்டு, வந்து விழும் கருத்துகளைப் படித்துக்கொண்டிருந்தாள். ‘பெரிய ஸ்டுடியோவுல பண்ணதா?’ என்று ஒருவர் கேட்டிருந்தார். அதை மட்டும் ஏழு தடவை படித்தாள்.

தம்பி வேலை பார்க்கும் குளிர்பதனக் கிடங்கில் சுமை தூக்குபவர் ஒருவர் உள்ளே மாட்டிக்கொண்டு செத்துப்போனார். மாரடைப்பு என்று எழுதி மேலாளர் கதையை முடித்துவிட்டார். கதவு பழுது என்று மூன்று முறை எழுதிக்கொடுத்தவன் தம்பி. அவனுக்கு மனசு ஆறவில்லை, பாட்டாகக் கட்டிவிட்டான். பெயர் போடவில்லை, முகம் காட்டவில்லை.

“குரலையும் மாத்திடு அக்கா. அங்க என் குரல் எல்லாருக்கும் அத்துப்படி,” என்றான். கிடங்கின் ஒலிபெருக்கியில் லாரி எண்களைக் கூப்பிடுபவனே அவன்தான்.

அவளும் குரலைக் கட்டையாக்கி வேறு ஆளாக்கினாள். ஆனால் கட்டைக்குரலில் சொற்கள் கொழகொழத்தன. அவளுக்கா அது பொறுக்கும்? பீட்டைத் தணித்தாள், இரைச்சலை வழித்தெடுத்தாள், சீறும் எழுத்துகளை அடக்கினாள். “ஒவ்வொரு சொல்லும் கேட்கணும்டா. இல்லன்னா எதுக்குப் பாடணும்?” என்று அவனிடமே வீறாப்பாகச் சொன்னாள். பத்து நாள் அதே வேலை.

சமையலறையில் அம்மா தன் போனில் பாட்டை ஓடவிட்டிருந்தாள். கரண்டியோடு எட்டிப் பார்த்தாள்.

“யாரோ பாடுற மாதிரி இருக்கும்னு சொன்னியேடி. நம்ம பையன் குரல் அப்படியே இருக்கே?”

அவள் போனில் ஹெட்ஃபோனைச் செருகிக் கேட்டாள், தம்பியின் குரலேதான். சொற்களைத் துலக்குவதற்காகக் குரல்மாற்றியை அணைத்துவைத்துத்தான் வேலை செய்திருந்தாள். திரும்பப் போடவே இல்லை. அப்படியே ஏற்றிவிட்டு, புகழ்ச்சியைப் படித்தாளே தவிர, அதுவரை பாட்டை ஒரு முறைகூடக் கேட்டிருக்கவில்லை. பாவி, பாவி என்று தன்னையே திட்டிக்கொண்டு பாட்டை இணையத்திலிருந்து அழித்தாள். அதற்குள் எத்தனையோ பேர் எடுத்துப் பரப்பியிருந்தார்கள்.

தம்பியின் போன் அணைந்திருந்தது. வேலை நேரத்தில் அங்கே போன்களை வாங்கி வைத்துக்கொள்வார்கள். ஹெட்ஃபோனைக் கழற்றக்கூடத் தோன்றாமல் கிடங்கு அலுவலகத்தை அழைத்தாள். மேலாளரே எடுத்தார்.

“சார், தம்பிகிட்ட பேசணும். அம்மாவுக்கு உடம்பு சரியில்ல.”

“அடடா, பாவம். நல்ல குரல்மா உங்க தம்பிக்கு. இத்தனை நாள் தெரியாமப் போச்சே.” அவர் பேச்சில் கோபமே இல்லை. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. “ஒரு வார்த்தை விடாம கேட்டோம்.”

“சார், அவனைக் கொஞ்சம் வீட்டுக்கு...”

“இருங்க. ஸ்பீக்கர்ல போடறேன், லைன்லயே இருங்க.”

கதவைத் தாழிடும் சத்தம் கேட்டது. யாரோ நாற்காலியை இழுத்தார்கள். அதன்பிறகு பேச்சே இல்லை. அவள் இரண்டு கைகளாலும் ஹெட்ஃபோனைக் காதோடு அழுத்திக்கொண்டாள். அந்த அறையில் நாலைந்து பேர் மூச்சு விட்டுக்கொண்டிருந்தார்கள். அதில் ஒன்று, மூக்கால் வெடுக்கென்று இழுக்கும் மூச்சு. பத்து நாளாகப் பாட்டிலிருந்து வரிக்கு வரி அவள் வெட்டியெடுத்த மூச்சு.

“தம்பி,” என்றாள்.

அந்த மூச்சு நின்றது.