பேர் சொல்லாத சாட்சி

என் அக்கா இருசம்மாள் ஒரு பேரைச் சொல்லவில்லை. அதைச் சாக்காக வைத்து ஒரு கொலைகாரனை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு ஆறவில்லை.

வாலிகண்டபுரம் பக்கம் எங்கள் ஊர். அக்காவின் புருஷன் சாமிதுரை, வைரக்கண்ணு என்ற பெரிய பண்ணைக்காரனிடம் வேலை பார்த்தவர். எண்பத்திரண்டில் அரியலூர் சுண்ணாம்புக்கல் குவாரியில் அவருக்கு வேலை கிடைத்தது. சிமெண்ட் ஆலையில் இருந்த நான்தான் சொல்லி வைத்திருந்தேன். இனி அறுப்புக்கு வர முடியாது என்று சொல்லப் போனவரை, மோட்டார் கொட்டகை வாசலில் வைத்துக் கடப்பாரையால் அடித்துக் கொன்றான் வைரக்கண்ணு. கூடப் போயிருந்த அக்கா மட்டும்தான் அதைப் பார்த்தாள்.

அக்கா போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடி, "ஆண்டை அடிச்சிட்டாருங்க" என்றாள். ஏட்டும் அப்படியே எழுதிக்கொண்டார். எங்கள் தெருப் பெண்கள் பண்ணைக்காரர்களின் பேரை வாயால் சொல்லிப் பழகியதில்லை. பச்சைப் பிள்ளைக்குக் கூட "ஆண்டை வராரு, ஒதுங்கு" என்றுதான் சொல்லிக் கொடுப்பார்கள். பேரைச் சொன்னால் நாக்கு அழுகிவிடும் என்று பயமுறுத்தி வளர்த்தார்கள்.

கோர்ட்டில் எதிர்தரப்பு வக்கீல் அதையே பிடித்துக்கொண்டார்.

"உங்க ஊர்ல எத்தனை ஆண்டை இருக்காங்க?"

"நெறய பேரு இருக்காங்க சாமி."

"இதுல எந்த ஆண்டை அடிச்சாரு? பேரைச் சொல்லும்மா."

அக்கா குற்றவாளிக் கூண்டில் நின்றவனைக் கையால் காட்டினாள். வாய் திறக்கவில்லை. கூண்டில் நிறுத்தியவரை யார் வேண்டுமானாலும் காட்டலாம், முதல் புகாரில் ஏன் பேர் இல்லை என்றார் வக்கீல். அவள் ஏன் சொல்லவில்லை என்பதை ஊரே அறியும். எங்கள் பக்கம் பேச வேண்டிய அரசாங்க வக்கீல் நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. சந்தேகத்தின் பலன் வைரக்கண்ணுவுக்குப் போயிற்று. அவன் மாலையோடு ஊருக்குள் வந்தான்.

அப்பீல் போகலாம் என்று அக்காவை அதே அரசாங்க வக்கீலிடம் அழைத்துப் போனேன். உட்காரச் சொல்லவில்லை.

"போலீஸ் போட்ட கேஸ். நீங்க அப்பீல் போக முடியாது. கவர்மெண்ட்தான் போகணும். தேறாத கேஸுன்னு நான் எழுதி அனுப்பிட்டேன்" என்றார்.

"ஏன் சார் தேறாது?"

"சாட்சி பேரையே சொல்லலையேப்பா."

அக்கா சேலை முந்தானையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். "வைரக்கண்ணு" என்றாள். அவள் வாயிலிருந்து அந்தப் பேரை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். "வைரக்கண்ணுதான் அடிச்சான். எங்க வந்து சொல்லணும், சொல்லுங்க."

"இப்ப சொல்லி என்னம்மா பிரயோஜனம்? மேல் கோர்ட்டுல கேஸ் கட்டுல இருக்கறததான் படிப்பாங்க."

தண்டனை கிடைத்திருந்தால் வைரக்கண்ணு மறுநாளே அப்பீல் போயிருப்பான், யாரையும் கேட்க வேண்டியதில்லை. புருஷனைப் பறிகொடுத்தவள் மட்டும், கேஸைத் தோற்கவிட்டவரிடமே போய்க் கெஞ்ச வேண்டும். இப்படி ஒரு நியாயத்தை எவன் உட்கார்ந்து யோசித்தானோ!

சில மாதம் கழித்து, அப்பீல் தேவையில்லை என்று அரசாங்கம் முடிவு செய்துவிட்டதாகத் தகவல் வந்தது. அக்கா அழவில்லை. பட்டப்பகலில் நேராகப் பண்ணைக்காரர் தெருவுக்கு நடந்தாள். நான் பின்னாலேயே ஓடினேன். வைரக்கண்ணு வீட்டு வாசலில் நின்று, "வைரக்கண்ணு" என்று கூப்பிட்டாள். இன்னும் உரக்கக் கூப்பிட்டாள். தெரு முழுவதும் கதவுகள் திறந்தன.

வேட்டியை இடுப்பில் செருகிக்கொண்டே வெளியே வந்தான் அவன். முகம் சிவந்திருந்தது.

"யார் பேரைச் சொல்லிக் கூப்பிடற? மரியாதையாப் பேசு."

"கோர்ட்டுல மரியாதையாத்தான் பேசினேன்" என்றாள் அக்கா. "அதனாலதான் நீ இங்க நிக்கிற."