சூ ஃபால்ஸ் வெள்ளிக்கிழமைகள்

கல்யாணத்துக்குப் பதினோரு நாள் இருக்கும்போது வங்கியிலிருந்து அந்தக் காகிதம் வந்தது.

ஐம்பத்தேழு வயதில் எனக்கு இரண்டாம் கல்யாணம். மாப்பிள்ளை வெண்டல். நகராட்சியில் முப்பது வருடம் வீடு வீடாகப் போய்த் தண்ணீர் மீட்டர் பார்த்து ஓய்வு பெற்றவன். ஷெபாய்கன் ஊரில் அவனைக் கடிக்காத நாய் கிடையாது. நான் நடீன், பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டுகிறேன். என் குரலுக்கு அடங்காத பிள்ளையும் இந்த ஊரில் கிடையாது.

சேர்ந்து குடித்தனம் நடத்துவதற்கு ஒத்திகையாக இருக்கட்டும் என்று போன மாதம் இரண்டு பேர் பெயரிலும் ஒரே கணக்கு திறந்து ஆளுக்கொரு கார்டு வாங்கினோம். மளிகைக்கு மட்டும். இது அதன் முதல் காகிதம். ஹார்ட்விக் மார்க்கெட், ஷெபாய்கன்: அது பால், காப்பித்தூள், துணி சோப்பு. மறுபடி ஹார்ட்விக் மார்க்கெட். நடுநடுவே நான்கு வரிகள் மட்டும் வேறு மாதிரி இருந்தன. எல்.பி.கே. ஃபுட்ஸ் 088, சூ ஃபால்ஸ். நான்கும் வெள்ளிக்கிழமை. நான்கும் இருபத்தாறு டாலர் நாற்பது காசு.

சூ ஃபால்ஸ் இங்கிருந்து எட்டு மணி நேரப் பயணம். அந்த ஊரில் எனக்குத் தெரிந்த ஈ காக்கை கூட இல்லை.

அந்த நான்கு வரிகளை நான் லேசாக விடாததற்குக் காரணம் உண்டு. என் முதல் புருஷன் டுவைட், வெளியே மழை பெய்கிறதா என்று கேட்டால்கூட ஜன்னலைப் பார்க்காமல் ஒரு பொய் சொல்வான். இருபத்திரண்டு வருடம் அப்படி. அந்தப் பொய்கள் எல்லாம் கடைசியில் கிரீன் பே ஊரில் ஒரு வீடு, ஒரு பெண், இரண்டு நாய்கள் என்று வெளியே வந்தன. அதனால் வெண்டலிடம் பழகத் தொடங்கியபோதே சொல்லிவிட்டேன். குடிக்கலாம், குறட்டை விடலாம், சீட்டு ஆடலாம். ஒரே ஒரு பொய் சொன்னால் வாசலைக் காட்டிவிடுவேன்.

போன் போட்டதும் வெண்டல் ஓடி வந்தான். கண்ணாடியை மாட்டிக்கொண்டு காகிதத்தை முன்னும் பின்னும் நகர்த்திப் பார்த்தான்.

"சூ ஃபால்ஸா? நான் அந்தப் பக்கம் தலை வச்சுக்கூடப் படுத்தது இல்ல, நடீன்."

"அப்ப எவனோ நம்ம காசுல மளிகை வாங்கித் தின்னுக்கிட்டிருக்கான்."

"வாராவாரமா?"

"வாராவாரம். நாள் தவறாம. ஒரு காசு ஏறல, ஒரு காசு எறங்கல."

"ரொம்ப ஒழுக்கமான திருடனா இருக்கானே" என்றான் வெண்டல். உண்மையிலேயே வியந்து சொன்னான்.

அடக்க முடியாமல் சிரித்துவிட்டேன். அந்தத் திருடனுக்கு ஒரு பெயர் வைத்தோம், ஒரு பூனை கொடுத்தோம், வெள்ளிக்கிழமை தவறாமல் அந்தப் பூனைக்குச் சாமான் வாங்குகிறான் என்று முடிவு கட்டினோம். சிரித்துக்கொண்டேதான் வங்கிக்குப் போன் செய்தோம். ஒலிபெருக்கியில் போட்டேன். ஒரு இளம் குரல் பேசியது.

"மேடம், இது திருட்டு மாதிரி தெரியலையே. கார்டை நேர்லயே செருகியிருக்காங்க. ரகசிய எண்ணும் முதல் தடவையே சரியாப் போட்டிருக்காங்க. முப்பத்தொண்ணுல முடியற கார்டு."

முப்பத்தொன்று வெண்டலுடையது.

"எத்தனை மணிக்கு?" என்றேன்.

"நாலு தடவையும் சாயந்திரம் நாலே காலுக்கும் நாலரைக்கும் நடுவுல."

வெண்டலைப் பார்த்தேன். முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது.

"இது யார் செஞ்ச செலவுன்னு உங்களுக்குத் தெரியாதுன்னு புகார் பதிஞ்சுக்கட்டுமா மேடம்?"

"பதிஞ்சுக்குங்க" என்று வைத்துவிட்டேன்.

"வெண்டல், சூ ஃபால்ஸ்ல யாரு?"

"யாருமில்ல. சத்தியமா யாருமில்ல."

"அப்புறம் ஏன்யா மூஞ்சி இப்படிப் போச்சு?"

"எனக்குக் கொஞ்சம் டைம் குடு, நடீன். நானே சொல்றேன்."

"எதுக்கு டைம்? கதை ஜோடிக்கவா?"

வாசலுக்குப் போனவன் திரும்பி நின்று, "வெள்ளிக்கிழமை மீனுக்கு வருவேல்ல?" என்று கேட்டான். வருகிறேன் என்றேன், பல்லைக் கடித்துக்கொண்டு.

அந்த மீனைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் வெள்ளிக்கிழமை சாயங்காலம் என்றால் பொரித்த மீன்தான், அதில் பேச ஒன்றும் இல்லை. போன இலையுதிர் காலத்தில் ஒரு மதுக்கடை மீன் வரிசையில்தான் வெண்டலைப் பார்த்தேன். அன்றைக்கு மீன் மேல் மாவு சொதசொதவென்று இருந்தது. நான் திட்டினேன். பின்னால் நின்ற இவன், "நான் வீட்லயே பொரிப்பேன், இதைவிட நல்லா" என்றான். "மீன் பொரிக்கத் தெரிஞ்ச ஆம்பளையா? கட்டிக்கவே தயார்" என்றேன். விளையாட்டாகத்தான் சொன்னேன். அதிலிருந்து ஒவ்வொரு வெள்ளியும் ஐந்து மணிக்கு அவன் வீட்டில் மீன். ஏரியில் பிடிக்கும் பெர்ச் மீன், கடித்தால் மொறுமொறுவென்று உடையும். எண்ணெய் தெறிக்கும் என்று என்னைச் சமையலறைக்குள் விடவே மாட்டான். மூக்கில் மாவோடு தட்டை ஏந்தி வெளியே வருவான். அந்த மூக்கைப் பார்த்துத்தான் நான் விழுந்தேன், ஒத்துக்கொள்கிறேன்.

ஐந்து மணிக்கு என் எதிரில் மீனோடு உட்காருகிறவன் நாலேகாலுக்கு எட்டு மணி நேரத் தொலைவில் இருக்க முடியாது. அப்படியானால் அவனுடைய கார்டு அங்கே யாரிடமோ இருக்கிறது. யாரோ வைத்திருக்கிறார்கள் என்று என் மனம் நினைக்கவில்லை, வைத்திருக்கிறாள் என்றே நினைத்தது. கார்டு அவன் பர்சில் இருந்ததை நானே பார்த்தேன். அதனால் என்ன, டுவைட் மூன்று பர்ஸ் வைத்திருந்தான். மூன்று ராத்திரி தூக்கம் இல்லை. கல்யாண உடுப்பைத் திருப்பிக் கொடுத்தால் கடைக்காரர் வாங்கிக்கொள்வாரா என்றுகூட விசாரித்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை கடைசிப் பிள்ளையை நாலு மணிக்கு இறக்கிவிட்டேன். பேருந்தை நேராகக் கொட்டகைக்கு ஓட்டிப் போயிருக்க வேண்டும். நான் வெண்டலின் தெருவுக்கு ஓட்டினேன். அவனுடைய வண்டி அப்போதுதான் கிளம்பியது. பின்னாலேயே போனேன்.

ஒருவனை ரகசியமாகத் துரத்துவதற்கு உலகத்தில் எத்தனையோ வண்டிகள் இருக்கின்றன. நாற்பது அடி நீள மஞ்சள் பேருந்து அதில் சேராது. நடைபாதையில் போனவர்கள் எல்லாம் கை ஆட்டினார்கள். நானும் ஆட்டினேன். வழியில் ரயில் தண்டவாளம் வந்தது. பேருந்து காலியாக இருந்தாலும் தண்டவாளத்துக்கு முன்னால் நிறுத்தி, கதவைத் திறந்து, ரயில் சத்தம் கேட்கிறதா என்று காது கொடுக்க வேண்டும் என்பது சட்டம். வயிறு எரிந்தாலும் சட்டம் சட்டம்தானே. நிறுத்தினேன், திறந்தேன், கேட்டேன். ரயில் எதுவும் வரவில்லை, வெண்டல் மட்டும் போய்விட்டான்.

இரண்டு தெரு தள்ளி அவன் வண்டி நின்றது, ஹார்ட்விக் மார்க்கெட் வாசலில். நாங்கள் இருவரும் எப்போதும் போகும் அதே கடை. ஆறு கார் நிற்கும் இடத்தை அடைத்துக்கொண்டு பேருந்தை நிறுத்திவிட்டு உள்ளே போனேன்.

கடையின் கோடியில் சுடச்சுடச் சாப்பாடு விற்கும் மேடை இருக்கிறது. நான் அந்தப் பக்கம் போனதில்லை. அங்கே பத்துப் பேர் வரிசை. முன்னால் வெண்டல், கையில் அவன் வீட்டு நீலக் கண்ணாடித் தட்டு, அதன் மேல் ஒரு துண்டு. மேடைக்குப் பின்னால் நின்ற பெண்மணியின் சட்டையில் பெர்னிஸ் என்று எழுதியிருந்தது.

"வா வெண்டல், எப்பவும்போல பன்னெண்டு பெர்ச்தானே? தட்டக் குடு."

"இன்னைக்குக் கார்டு வேணாம், பெர்னிஸ். ரொக்கம்."

"ஏன், என்னாச்சு?"

"அது சூ ஃபால்ஸ்னு எழுதி என்னைக் காட்டிக் குடுத்துடுச்சு. இங்க வாங்கினது எப்படி அங்க போச்சுன்னு எனக்கே புரியல."

"அட கடவுளே, உனக்குமா! கடை வேற, இந்த அடுப்பு வேற. அடுப்பக் குத்தகைக்கு எடுத்த கம்பெனி சூ ஃபால்ஸ்ல இருக்கு, பில்லு அவங்க பேர்லதான் போகும். வாரத்துக்கு ரெண்டு பேர் வந்து என்கிட்ட கத்திட்டுப் போறாங்க." மீனை அடுக்கிக்கொண்டே கேட்டாள். "நடீனுக்குத் தெரிஞ்சுடுச்சா?"

"இன்னும் இல்ல. இன்னைக்குச் சொல்லிடலாம்னு இருக்கேன்."

"சரி, மூஞ்சியக் காட்டு" என்றாள் அவள். வெண்டல் குழந்தை மாதிரி முகத்தை நீட்டினான். பெர்னிஸ் மாவுக் கிண்ணத்தில் விரலைத் தோய்த்து அவன் மூக்கில் ஒரு தீற்றுத் தீற்றினாள். வரிசையில் இருந்த ஒருவரும் ஆச்சரியப்படவில்லை. வாராவாரம் பார்க்கிறார்கள் போலிருக்கிறது.

"எனக்குத் தெரிஞ்சுடுச்சு, பெர்னிஸ்" என்றேன், பேருந்தில் கடைசி வரிசைக்கு எட்டும் குரலில்.

வரிசை மொத்தமும் திரும்பியது. வெண்டல் மட்டும் திரும்பவில்லை. அவசரமாகத் துண்டை இழுத்து மீனை மூடினான்.

"வண்டில ஏறுய்யா" என்றேன்.

பேருந்தில் முன் இருக்கை ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கானது. முழங்கால் முகவாயில் இடிக்க, மடியில் சுடுகிற மீனோடு அவன் உட்கார்ந்தான்.

"பத்தொம்பது வாரம், வெண்டல்!"

"பதினெட்டு. முத வாரம் நானே பொரிச்சேன். தீயணைப்பு வண்டி வந்துச்சு. அன்னைக்குத்தான் காய்ச்சல்னு சொல்லி உன்னைய வர வேணாம்னேன்."

"அப்ப அது தனிப் பொய்யா?"

"ஆமா" என்றான் பாவமாக. "நீ கட்டிக்கவே தயார்னு சொன்னியா. அதைக் கேட்டப்புறம் எனக்குப் பொரிக்கத் தெரியாதுன்னு எப்படிச் சொல்றது?"

"வேற என்னென்ன பொய் இருக்கு? இப்பவே எல்லாத்தையும் கொட்டிடு."

யோசித்தான். "உங்க அக்கா செய்யற பச்சை ஜெல்லி சாலட்."

"அதுக்கென்ன?"

"நல்லாருக்குன்னு சொன்னேன்."

"அது யாருக்கும் பிடிக்காதுய்யா. அக்காவே தொட மாட்டா."

அவ்வளவுதான், என்னால் முடியவில்லை. ஸ்டியரிங்கில் தலையைக் கவிழ்த்துச் சிரித்தேன். நெற்றி பட்டு ஹாரன் அலறியது. கடை வாசலில் ஒரு கிழவர் தள்ளுவண்டியை விட்டுவிட்டார். அதைப் பார்த்து மறுபடி சிரித்தேன். வெண்டல் சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

சிரிப்பு அடங்கிக் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். பொய் பொய்தான், நான் சொன்ன சொல்லும் சொல்தான். ஆனால் டுவைட் சொன்ன பொய் ஒவ்வொன்றும் வீட்டுக்கு வராமல் இருப்பதற்காகச் சொன்னது. இந்த மனுஷன் பதினெட்டு வெள்ளிக்கிழமை வரிசையில் நின்றிருக்கிறான், நான் அவன் வீட்டுக்கு வர வேண்டும் என்பதற்காக. இவனை விட்டுவிட்டு நான் எங்கே போவேன்? எனக்கு இவன் வேண்டும். அவ்வளவு வேண்டும் என்று அந்த நிமிஷம் வரை எனக்கே தெரியாது.

"இனிமே ஒண்ணு கூடக் கூடாது" என்றேன்.

"கூடாது."

"மாவும் கூடாது."

"மாவு கூடவா?" என்றவன் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சரி, கூடாது" என்றான்.

அங்கேயே வங்கிக்குப் போன் செய்தேன். இந்தத் தடவை ஒரு பெண் எடுத்தாள். புகாரைத் தேடிப் படித்தாள்.

"அந்த நாலு செலவும் யார் செஞ்சதுன்னு இப்பத் தெரியுதா மேடம்?"

"தெரியுது. என் வீட்டுக்காரர்தான். எனக்கு மீன் வாங்கியிருக்கார்."

கல்யாணத்துக்கு இன்னும் எட்டு நாள் இருந்தது. அந்தப் பெண் அதையெல்லாம் கேட்கவில்லை. அப்ப புகாரை முடிச்சுடறேன் மேடம் என்றாள். நான் நன்றி சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்த்தேன். ஒன்றாம் வகுப்பு இருக்கையில், மூக்கில் மாவோடு, என் வீட்டுக்காரர் அழுதுகொண்டிருந்தார்.