எல்லோருக்கும் சேர்த்து ஒரு மனு

என் கொழுந்தன் தன் பெண்டாட்டியை அடித்த வழக்கில் எனக்கும் சம்மன் வந்தது. கல்யாணப் பத்திரிகையைப் பார்த்து எழுதியதுபோல், புகாரில் வீட்டில் ஒருவரையும் விடவில்லை. அவள் அடிபட்ட போதெல்லாம் காயத்துக்கு மருந்து போட்டவள் நான். என் பேரையும் எழுதிவிட்டாளே என்று அவளைத் திட்ட வாய் திறந்தேன், மனசு வராமல் மூடிக்கொண்டேன்.

சம்மனை ரத்து செய்யக் கோரி, எல்லோருக்கும் சேர்த்து வக்கீல் ஒரே மனு எழுதியிருந்தார். மாமியார் கையெழுத்துப் போட்டுவிட்டு என் பக்கம் தள்ளினார். அந்த வீட்டில் எந்தக் கொடுமையும் நடக்கவில்லை என்றது மனு.

"நான் அடிக்கலன்னு எழுதுங்க சார். அடியே விழலன்னு எழுதாதீங்க."

"உண்ட வீட்டுக்கே ரெண்டகமா?" என்றார் மாமியார்.

"அவளும் அந்த வீட்லதானே அத்தை சாப்பிட்டா?"

வக்கீல் கண்ணாடியைக் கழற்றிக் கண்களைக் கசக்கினார். "தனி மனு போட்டா நீங்க தப்பிச்சுடலாம்மா. ஆனா அப்புறம் உங்களையே சாட்சி சொல்லக் கூப்பிடுவாங்க. என்ன நடந்துச்சுன்னு கேப்பாங்க."

"கேக்கட்டும் சார். அந்த வீட்ல இதுவரைக்கும் யாரும் என்னை எதுவும் கேட்டதில்ல."