பஹ்மியாவின் சாட்சி

வெள்ளவத்தை மாடிக் குடியிருப்பில் மூன்று மாடி ஏறி மூச்சிரைக்க வந்த நீதிமன்ற அலுவலர் ஒரு தாளை நீட்டினார். தண்ணீர்க் கட்டணமாக்கும் என்று நினைத்து ஜெயராணி வாங்கினாள். அது ஏற்கெனவே நடந்து முடிந்த ஒரு வழக்கின் தீர்ப்பு. பன்னிரண்டு லட்சம் ரூபாயும் வட்டியும் அவள் கட்ட வேண்டுமாம். வழக்குப் போட்டிருந்தவள் பஹ்மியா.

பெயரைப் பார்த்ததும் ஜெயராணி அப்படியே கதிரையில் இருந்துவிட்டாள்.

கொட்டாஞ்சேனையில் ஜெயராணியின் வாடகை வீட்டு முன்னறையில் இருவரும் சேர்ந்து பல வருடம் மணப்பெண் அலங்காரக் கடை நடத்தியவர்கள். சைவம், கிறிஸ்தவம், முஸ்லிம் என்று எந்த வீட்டுப் பெண்ணும் அந்த ஜன்னலோரக் கதிரையிலிருந்துதான் மணவறைக்கு எழும்பிப் போனாள். ஜெயராணி சேலை உடுத்தித் தலை கட்டுவாள். முகமும் மருதாணியும் பஹ்மியாவின் வேலை. நோன்பு மாதத்தில் பஹ்மியா வெறும் வயிற்றோடு நிற்க, தான் மட்டும் தேநீர் குடிக்க ஜெயராணிக்கு மனம் வராது. பாங்கு சொன்ன பிறகு இருவரும் ஒன்றாகக் கஞ்சி குடிப்பார்கள்.

கடையைப் பெருப்பிக்க பஹ்மியா தன் நகையை விற்று ஜெயராணிக்குக் கடனாகக் காசு கொடுத்தாள். பிறகு கொரோனா வந்தது, கல்யாணங்கள் நின்றன. கடனில் பாதியைத் தீர்த்துவிட்டேன் என்றாள் ஜெயராணி. நீ தந்தது இலாபத்தில் என் பங்கு, கடன் அப்படியே கிடக்கிறது என்றாள் பஹ்மியா. வார்த்தை தடித்தது. அந்த நேரம் பார்த்து வீட்டுக்காரர் காணியை விற்கவும், ஜெயராணி ஒருவருக்கும் சொல்லாமல் வெள்ளவத்தைக்கு வந்துவிட்டாள்.

"அன்ரி, அழைப்பாணை உங்கட பழைய விலாசத்துக்குப் போயிருக்கு," என்றாள் சட்டத்தரணி துஷ்யந்தி. "நீங்க கோட்டுக்கு வராதபடியா அவங்கட பக்கத்தை மட்டும் கேட்டுத் தீர்ப்புக் குடுத்திருக்கினம். பதினாலு நாளுக்குள்ள மனுப் போடுவம். அழைப்பாணை கிடைக்கேல்ல எண்டு காட்டினா, தீர்ப்பை நீக்கிப்போட்டு வழக்கைத் திரும்பக் கேட்பினம்."

"காசு குடுக்க வேணும்தான், பிள்ளை. ஆனா அவ்வளவு இல்ல."

"அதை அப்ப சொல்லலாம். முதல்ல கதவைத் திறப்பம்."

புதுக்கடை நீதிமன்றத்தில் விசாரணை நாள் வந்தது. அழைப்பாணையை வீட்டில் ஒட்டியதாக அறிக்கை இருந்தது. அப்போது அங்கே வீடே இருக்கவில்லை என்றாள் ஜெயராணி. சொல்லும்போதே தன் பேச்சு தனக்கே நம்பமுடியாததாய்ப் பட்டது. பிறகு பஹ்மியா கூண்டில் ஏறினாள். கொஞ்சம் மெலிந்திருந்தாள். ஜெயராணியின் பக்கம் பார்க்கவேயில்லை.

துஷ்யந்தி எழுந்து கேட்டாள்: "அழைப்பாணை ஒட்டின நேரம் அந்த வீடு இருந்ததா?"

பஹ்மியா முந்தானையை இழுத்துத் தலையில் சரிசெய்தாள். அவளுடைய சட்டத்தரணி தொண்டையைச் செருமினார்.

"இல்ல," என்றாள். "அதுக்கு முந்தியே வூட்ட ஒடச்சிட்டாங்க. தகரம் அடிச்சி, அதுல வூட்டு நம்பர் மட்டும் எழுதி ஈந்திச்சி."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"நான் ரோட்டுல நிண்டு பாத்த. முன்னறைச் சுவர் ரோஸ் கலர். ஒரு போயா லீவுல நாங்க ரெண்டு பேரும்தான் பூசின. பெயின்ட் பக்கத்து வூட்டுப் பூனையிலயும் பட்டு, அந்தப் பூனை ஒரு மாசம் ரோஸா திரிஞ்ச. அந்தச் சுவர் விழும்போது பாத்துக்கொண்டு ஈக்க ஏலாம நான் வந்திட்ட."

மொழிபெயர்ப்பாளர் சிங்களத்தில் சொல்லி முடித்ததும் நீதிபதி சிரித்தார். ஜெயராணி சேலைத் தலைப்பை வாயில் வைத்து அழுதுகொண்டிருந்தாள்.

தீர்ப்பு நீக்கப்பட்டது. ஜெயராணி தன் மறுமொழியைத் தாக்கல் செய்ய நீதிமன்றம் தவணை கொடுத்தது.

வெளியே படியில் பஹ்மியா செருப்பு வாரை மாட்டிக்கொண்டிருந்தாள். ஜெயராணி பக்கத்தில் போய் நின்றாள்.

"ஏன் அப்பிடிச் சொன்ன நீ? வழக்கு உன்ட பக்கம்தானே இருந்தது."

"சத்தியம் பண்ணிட்டுப் பொய் சொல்லச் சொல்றியா? நீ எங்க போன எண்டு தெரியாமத்தான் பழைய எட்ரஸ் குடுத்த. வெள்ளவத்தை எட்ரஸ் தீர்ப்புக்குப் பொறகுதான் கெடச்ச. ஒரு சொல்லு சொல்லிட்டுப் போயிருக்கலாமே."

"கோவம்."

"எனக்கும்தான்." பஹ்மியா நிமிர்ந்தாள். "ஆனா காசு வேணும், ஜெயராணி. மகள் நிஹ்லாவைக் கட்டிக் குடுக்கிற வயசு. விட்டுத் தரமாட்டன்."

"விடச் சொல்லேல்ல. நான் தந்ததையும் எண்ணு எண்டுதான் சொல்றன்."

அடுத்த தவணைக்கு முன்பே இருவரும் துஷ்யந்தியின் அறையில் இருந்து பேசி, எட்டு லட்சத்துக்கு ஒத்துக்கொண்டார்கள். மாதா மாதம் கொடுப்பதாக நீதிமன்றத்திலும் பதிந்தார்கள். வங்கியில் போட்டால் போதும் என்று சொல்லியும் ஜெயராணி முதல் மாதக் காசை எடுத்துக்கொண்டு பஸ் மாறி மாறிக் கொட்டாஞ்சேனையில் பஹ்மியாவின் வீட்டுக்குப் போனாள். பஹ்மியா வாங்கி இரண்டு தரம் எண்ணி அலுமாரிக்குள் வைத்தாள். பிறகு தேநீர் ஊற்றினாள். எந்த மணப்பெண் கனடாவில், யாருக்கு இரட்டைப் பிள்ளை, எவள் மணவறையில் மயங்கி விழுந்தவள் என்று கதைத்துக் கதைத்து, விளக்கு வைக்கும் நேரமாகிவிட்டது.