பாஸ்டர் குடித்த தேத்தண்ணி

காது உடைந்த கோப்பையைப் பாஸ்டர் அழகரெத்தினம் எடுப்பார் என்று கிறிஸ்ரோபர் கனவிலும் நினைக்கவில்லை. பூப்போட்ட கோப்பைகள் வீட்டு ஜெபத்துக்கு வந்த ஆட்களுக்கு, காது உடைந்தது மகள் தினேஷாவுக்கு என்று குசினிக்குள் ஒழுங்காகத்தான் அடுக்கிக்கொண்டு வந்தான். முன்னறையில் சனத்தைக் கண்டதும் வாய் சும்மா இருக்கவில்லை. "ஊழியக்காரருக்குப் பூப்போட்டது, உடைஞ்சது எங்களமாதிரிப் பாவிகளுக்கு" என்று தட்டத்தை நீட்டினான். எல்லாரும் சிரித்தார்கள். பாஸ்டரும் சிரித்துக்கொண்டே, தன் தாழ்மையைக் காட்ட, உடைந்ததை எடுத்து ஒரே இழுவையில் குடித்துவிட்டார்.

"சாயம் கூடிப்போச்சு பிரதர். கசக்குது."

அது சாயமல்ல. தினேஷாவின் வலிப்புக் குளிசை. கரண்டிக் காம்பால் நுணுக்கி, கசப்புத் தெரியாமல் இருக்கச் சீனியை அள்ளிப்போட்டுக் கலக்கியிருந்தான்.

ஒரு தகப்பன் சொந்த மகளுக்குக் களவாக மருந்து கொடுக்க வேண்டி வந்ததற்கும் அந்த வாய்தான் காரணம். ஆட்டோவில் ஒலிபெருக்கி கட்டி, மருதமுனையிலிருந்து நிந்தவூர் வரைக்கும் புடைவைக் கடைகளின் மலிவு விற்பனையை அறிவிப்பது கிறிஸ்ரோபரின் தொழில். 'இன்று மட்டும், இன்று மட்டும்' என்று நோன்பு மாதம் முழுக்கச் சொல்லியும் ஒருநாளும் கூசாத வாய்.

போன மாரியில் சபையில் வைத்து அந்த வாய்க்கு முன்னால் மைக்கைப் பிடித்தார் பாஸ்டர். மகளுக்காகச் சாட்சி சொல்லச் சொன்னார். தினேஷாவுக்குச் சில மாதங்களாக வலிப்பு வரவில்லை என்பது உண்மை. அது குளிசையால் என்பதும் உண்மை. மைக்கைக் கண்டதும் முதலாவது உண்மை மட்டும்தான் ஞாபகத்தில் நின்றது. "என்ட மகளைக் கர்த்தர் தொட்டுட்டார்" என்றான். சனம் அழுதது. தினேஷா எழுந்துபோய்த் தன் குளிசை மட்டையைக் காணிக்கைத் தட்டில் வைத்தாள். சுகம் கிடைத்ததென்று சாட்சி சொன்ன பிறகு மருந்தைத் தொட்டால் அது கர்த்தரைப் பொய்யராக்குவது. சபையின் வழக்கம் அப்படி.

அடுத்த நாளே தேத்தண்ணிக் கூத்துத் தொடங்கிவிட்டது. தெரிந்தவர் கண்ணில் படாமல் நிந்தவூரில் இஹ்ஸானின் பாமசிக்குப் போய்க் குளிசை வாங்குவான். நாளுக்கு இருமுறை மகளுக்குத் தானே தேத்தண்ணி ஊற்றுவான். மனுசனுக்கு வயது போகப்போகப் பொறுப்பு வருகிறது என்று மனைவி சகாயம்மா பூரித்துப்போனாள். தினேஷாவுக்கு வலிப்பு வரவில்லை. சபை அதை அற்புதமென்று கொண்டாடியது. முன்வரிசைச் செல்லத்தங்கம் அக்கா அந்த அற்புதத்தை நம்பித் தன் பிறசர் குளிசையையே நிறுத்திவிட்டாள். ஞாயிறு தோறும் கிறிஸ்ரோபரின் கையைப் பிடித்து நன்றி சொல்வாள். அவன் ஒரு பகிடியைச் சொல்லிக் கையை உருவிக்கொள்வான்.

இப்போது முன்னறையில் பாஸ்டரின் ஜெபம் பாதியில் குழறியது. தலை தொங்கி நாடி நெஞ்சில் முட்ட, கதிரையிலேயே அசந்துபோனார்.

"அபிஷேகம் இறங்கிட்டு" என்றாள் செல்லத்தங்கம் அக்கா.

கண்விழித்த பாஸ்டருக்கும் அதைவிட நல்ல விளக்கம் கைவசம் இருக்கவில்லை. இந்த வீட்டில் பெரிய பிரசன்னம் உண்டு, ஞாயிறு வரை குடும்பமே உபவாசம் இருக்க வேண்டும், பச்சைத் தண்ணீரைத் தவிர ஒன்றும் ஆகாது, ஞாயிறு தினேஷாவே மேடையேறிச் சாட்சி சொல்ல வேண்டும் என்றார். சகாயம்மா அப்போதே போய்த் தண்ணீர் தெளித்து அடுப்பை நூர்த்தாள்.

உபவாச வீட்டில் குளிசையை எதற்குள் ஒளிப்பது? வெள்ளிக்கிழமை தண்ணீரில் கரைத்துப் பார்த்தான். செம்புக்குள் பால்போல் கலங்கி நின்றது. கிணறு கலங்கிப்போச்சு போலிருக்கு என்று தினேஷா அதைப் பப்பாசி மரத்தடியில் ஊற்றினாள். அம்பாறைக் கரையிலேயே இனி வலிப்பு வராத பப்பாசி அது ஒன்றுதான் என்று நினைத்தான். சிரிப்பு வரவில்லை.

மகளிடம் உண்மையைச் சொல்லியிருக்கலாம். வலிப்பென்று தெரிந்து இரண்டு சம்பந்தம் முறிந்து, தெருவுக்கே முகம் காட்டாமல் கிடந்த பிள்ளை, அவனுடைய சாட்சிக்குப் பிறகுதான் நிமிர்ந்து நடந்தாள். அந்த நடையை எப்படி முறிப்பது? அதைவிட மோசமான இன்னொரு எண்ணமும் அவனைத் தின்றது. ஒருவேளை கர்த்தர் மெய்யாகவே தொட்டிருந்தால்? இவ்வளவு நாளும் தன் குளிசைதான் அவிசுவாசமாக நடுவில் நின்றிருந்தால்? பிள்ளையின் உயிரை வைத்தா அதைச் சோதித்துப் பார்ப்பது?

சனிக்கிழமை அதை யாரிடமாவது கேட்டுப் பார்க்கப் புறப்பட்டான். இஹ்ஸான் கல்லாவில் இருந்தபடி, "சுகம் தாறவன் அல்லாஹ், அண்ணன். அதுக்கு அவன் ஒரு காரணத்த வெச்சிரிப்பான். குளிசையும் ஒரு காரணம்தானே" என்றான். அது இஹ்ஸானின் ஆண்டவர். கிறிஸ்ரோபருக்குத் தெரிய வேண்டியிருந்தது தன்னுடையவரைப் பற்றி. சபைக்குப் போகுமுன் தான் பூசை கண்ட பழைய கத்தோலிக்கக் கோயிலுக்குப் போனான். சுவாமி அன்போடுதான் கேட்டார். தேடலே ஒரு ஜெபம் என்று சொல்லி, கூட்டத்துக்கு நேரமாயிற்றென்று எழுந்தார். கடைசியில் பாஸ்டரிடம் போனான். "பாஸ்டர், நாம கேக்கிறது ஆண்டவருக்குக் கேக்குதா, இல்லையா?" பாஸ்டர் அவன் தோளைத் தட்டினார். "சந்தேகம் வீட்டுக்குள்ள வாறது பொம்பிளையள்ட வாசலாலதான் பிரதர். சிஸ்டரக் கவனிங்க."

சகாயம்மா அந்நேரம் வெறும் வயிற்றோடு முழங்காலில் நின்று மகளுக்காக அழுதுகொண்டிருந்தாள்.

ஆட்டோவைக் கடற்கரையோரம் நிறுத்திவிட்டுக் கிறிஸ்ரோபர் ஜெபிக்கப் பார்த்தான். வாய்க்குப் பழகியதுதான் வந்தது. "ஆண்டவரே, நாளைக்கு மட்டும். நாளைக்கு மட்டும்." இந்த ஒருமுறைதான் அவன் அதை மெய்யாகவே சொன்னான்.

ஞாயிறு மேடையில் தினேஷா வெள்ளைச் சட்டையோடு நின்றாள். பசியில் முகம் வெளிறியிருந்தது. கண் மட்டும் ஒளியாக இருந்தது. "என்ட ஆண்டவர்..." என்று தொடங்கினாள். அதற்கு மேல் வார்த்தை வரவில்லை. கழுத்து ஒருபக்கம் இழுத்தது. மைக் விழுந்து மண்டபம் முழுக்க இரைந்தது.

கிறிஸ்ரோபர் பாய்ந்து போய் அவளைப் பக்கவாட்டில் சரித்து, தலைக்குக் கீழே தன் கையை வைத்தான். பாஸ்டர் அசுத்த ஆவியை அதட்டினார். சனம் கைகளை உயர்த்திக் கத்தியது. வலிப்பு அடங்கிப் பிள்ளை துவண்டு கிடந்தபோதும் கத்தல் அடங்கவில்லை. பிறகு பாஸ்டர் சொன்னார்: கர்த்தர் கொடுத்த சுகத்தை யாரோ அவிசுவாசத்தால் தட்டிவிட்டார்கள், அந்த ஆள் இந்தப் பிள்ளையின் வீட்டிலேயே இருக்கிறார். அவர் பெயர் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை. மண்டபத்தில் இருந்த அத்தனை கண்ணும் சகாயம்மாவைப் பார்த்தன. சுகம் தவறிப்போனால் வீட்டுப் பெண் முழங்காலிட்டு அறிக்கை செய்வதும் சபையின் வழக்கம்.

அவள் முழங்காலிட்டாள்.

"என்ட விசுவாசம்தான் குறைஞ்சிட்டு போல" என்றாள் சகாயம்மா. அந்த வீட்டில் விசுவாசம் குறையாத ஒரே ஆள் அவள்தான்.

கிறிஸ்ரோபர் மைக்கைப் பொறுக்கி எடுத்தான். அவளில்லை, நான்தான் என்றான். வலிப்பு நின்றது குளிசையால் என்றான். தேத்தண்ணி, பாமசி, பாஸ்டருக்கு வந்த நித்திரை, பப்பாசி மரம், ஒன்றும் விடாமல் சொன்னான். "அக்கா, நீங்க இண்டைக்கே உங்கட பிறசர் குளிசையக் குடிங்க. உங்களக் கும்பிட்டன்."

முதலில் ஒருவன் சிரித்தான். பப்பாசி மரத்துக்கு மண்டபமே சிரித்தது. செல்லத்தங்கம் அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பொஞ்சாதியக் காப்பாத்த என்ன சோக்கான கதை கட்டுறார், பாத்தீங்களா" என்று பக்கத்திலிருந்தவளிடம் நெகிழ்ந்து சொன்னாள். பாஸ்டர் மட்டும் சிரிக்கவில்லை. "பகிடி விடுற இடமில்ல இது, பிரதர்" என்று மைக்கை வாங்கிக்கொண்டார்.

பொய்யைச் சொன்ன நாளில் அழுது நம்பிய சனம்.

மனைவியைக் கைபிடித்து எழுப்பினான். இருவருமாகப் பிள்ளையைத் தூக்கி ஆட்டோவில் கிடத்தினார்கள். ஆஸ்பத்திரியில் ஊசி போட்டுப் பார்த்துவிட்டு, மருந்தை இனி ஒருநாளும் விடக்கூடாது என்று சொல்லி வீட்டுக்கு விட்டார்கள். சகாயம்மா வீட்டுப் படலையடியில், "எனக்கெண்டாலும் சொல்லியிருக்கலாமே" என்றாள்.

பொழுது சாயத் தினேஷா கண்விழித்தாள். நாக்குக் கடிபட்டு வீங்கியிருந்தது. "எல்லாரும் பாத்தாங்களா?" என்றாள். "ஓம்" என்றான். பிறகு கட்டில் ஓரத்தில் குந்தி, சபையில் சொன்னதையெல்லாம் பகிடியில்லாமல் திரும்பச் சொன்னான். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டு கிடந்தாள். அவள் கத்தினால் நல்லது என்றிருந்தது அவனுக்கு.

"மகள்," என்றான். "எல்லார்ட்டயும் கேட்டுப் பாத்திட்டன். ஆரும் நேராச் சொல்றாங்க இல்ல. ஆண்டவருக்கு நாம கதைக்கிறது கேக்குதா? நீயெண்டாலும் உள்ளதச் சொல்லு."

தினேஷா மெல்லத் திரும்பி அவனைப் பார்த்தாள்.

"தெரியாதப்பா" என்றாள். "மெய்யாகவே எனக்குத் தெரியாது. ஆனா நான் ஜெபிக்கத்தான் போறன். குளிசையும் குடிக்கத்தான் போறன்." கொஞ்சம் மூச்சு வாங்கினாள். பிறகு கையை நீட்டினாள். "இனி அத என்ட கையில தாங்க."