அழைப்பிதழில் ஒரு வரி

மகள் நிஹ்லாவின் கலியாண அழைப்பிதழ் மாதிரியைக் கையில் வாங்கியதுமே சரீபாவின் கண் அந்த வெற்றிடத்தில் போய் நின்றது. மாப்பிள்ளையின் வாப்பா பெயருக்குக் கீழே 'ஓய்வுபெற்ற பாடசாலை அதிபர்' என்று இருந்தது. அவளுடைய கணவர் முத்தலிபின் பெயருக்குக் கீழே ஒன்றுமில்லை.

கொண்டுவந்தவர் மாப்பிள்ளை றிபாத்தின் பெரியவாப்பா கச்சிமுகம்மது, கல்முனைக்குடியில் அச்சகம் நடத்துகிறவர். தேத்தண்ணியை ஆறவிட்டபடி பக்குவமாகத்தான் பேச்சை எடுத்தார். முத்தலிபைக் கிராம உத்தியோகத்தர் வேலையிலிருந்து இடைநிறுத்தி மூன்று வருஷமாகிவிட்டது; ஊரே பார்க்கிற அழைப்பிதழில் அதை ஏன் கிளற வேண்டும்? வேறு வழியும் இருக்கிறதாம். இடைநிறுத்தக் கடிதத்தில் சொன்னபடியே, வதிவிடச் சான்றிதழைப் பிழையாகக் கொடுத்துவிட்டேன் என்று ஒப்புக்கொண்டால் ஒரு எச்சரிக்கையோடு விட்டுவிடுவார்களாம். கலியாணத்துக்கு முன்பே வேலை கிடைத்துவிடும், பதவியையும் போட்டுவிடலாம். அப்படியொரு கடிதத்தை அவரே தட்டச்சு செய்து கொண்டுவந்திருந்தார்.

முத்தலிப் அதை இரண்டு தரம் வாசித்தார். இந்த மூன்று வருஷத்தில் குற்றப்பத்திரமும் வரவில்லை, ஒரு நாள்கூட விசாரணைக்குக் கூப்பிடவுமில்லை.

"ஆருக்குக் குடுத்த சான்றிதழ் எண்டு இதிலயும் இல்லயே, ஹாஜியார்."

"அத அவங்க நிரப்பிக்கொள்ளுவாங்க."

முத்தலிபின் கை சட்டைப் பையிலிருந்த பேனாவுக்குப் போனது. காலை எட்டு மணிக்கு இஸ்திரி போட்ட சட்டையோடு முன்வாசலில் உட்கார்ந்து, வருகிறவர்களுக்கு எந்தப் படிவம், எங்கே கொடுப்பது என்று இன்றைக்கும் சொல்லிக்கொடுக்கிற மனிதர். யாருக்கும் கையெழுத்து மட்டும் வைப்பதில்லை. மூன்று வருஷமாக மூடிக் கிடந்த பேனாவை மகளுக்காக இப்போது திறக்கப் போகிறார்.

சரீபா எட்டி அந்தப் பேனாவை வாங்கினாள். மாதிரித் தாளில், அவருடைய பெயருக்குக் கீழே நிதானமாக எழுதினாள்: 'கிராம உத்தியோகத்தர். மூன்று வருடமாக விசாரணையை எதிர்பார்த்திருப்பவர்.'

"ஊர் சிரிக்கும், புள்ள" என்றார் கச்சிமுகம்மது.

"சிரிக்கட்டும். மாப்பிள்ள வந்து குடியிருக்கப் போறது இந்த வீட்டில. பொண்ணுட வாப்பா ஆரெண்டு தெரிஞ்சே வரட்டும்."

அப்படியென்றால் பொடியனையே கேட்போம் என்று அவர் றிபாத்துக்குப் போன் எடுத்து, எல்லாருக்கும் கேட்கும்படி வைத்தார். சரீபா எழுதியதை வாசித்துக் காட்டினார். கதவுக்குப் பின்னால் நிஹ்லாவின் வளையல்கூட அசையவில்லை.

"அந்த வரிய மட்டும் கொஞ்சம் பெரிய எழுத்தில போடுங்க, பெரியவாப்பா."

கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு கச்சிமுகம்மது தேத்தண்ணியை ஒரே மடக்கில் குடித்தார்.

அச்சாகி வந்ததும் முதல் அழைப்பிதழ் சொந்தக்காரர் வீட்டுக்குப் போகவில்லை. இடைநிறுத்தப்பட்டவர் அனுமதியில்லாமல் அலுவலகத்துக்குள் போகக் கூடாது. கலியாணம் சொல்லப் போகிற பெண்ணுக்கு அப்படித் தடையொன்றும் இல்லை. முத்தலிபை மோட்டார் சைக்கிளோடு கேற்றில் நிறுத்திவிட்டு, இடைநிறுத்தக் கடிதத்தில் கையெழுத்துப் போட்ட அதிகாரியின் அறைக்குள் சரீபா போனாள்.

அவர் வாசித்தார். முகம் சிவந்தது.

"இதெல்லாம் கலியாணக் கார்ட்டில போடுற விஷயமா?"

"பிழையா, சேர்?"

"பிழையெண்டு இல்ல..."

"பிழையெண்டா எழுத்தில தாங்க. மாத்தி அடிக்கிறம்."

அவர் ஒன்றும் எழுதவில்லை. இன்னொரு நாளைக்கு வரச் சொன்னார். சரீபா கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"இருக்கிறன், சேர். எங்களுக்குப் பாத்திருந்து பழக்கம்."

கடைசியில் அவர் மணியை அழுத்தி, முத்தலிபின் பைலைக் கொண்டுவரும்படி கிளார்க்கிடம் சொன்னார்.

அது எந்த அலுமாரியில் இருக்கிறது என்று கிளார்க் அவரையே திருப்பிக் கேட்டார்.