சுவரொட்டிக்கு ஏறாத ரத்தம்

“ஒரு ஆட்டுக்கு ஒரு சுவரொட்டிதான் ருக்சு. அத உனக்குன்னே எடுத்து வச்சிட்டேன். தின்னுரு.”

“தெனமும் இதேவா?”

“ரத்தம் ஊற வேணாமா? கண்ணக் காட்டு... பாரு, உள்ள வெள்ளக் காயிதமாட்டம் இருக்கு.”

போன வருஷம் கணவன் ஆசாத்தோடு பேசியது, ரத்தப் பரிசோதனை முடிவுக்காகக் காத்திருந்த ருக்சானாவுக்கு நினைவு வந்தது.

பேகம்பூரில் ஆசாத்துக்கு ஆட்டுக்கறிக் கடை. ஆட்டு மண்ணீரலான சுவரொட்டி எந்த ரத்தசோகையையும் தீர்த்துவிடும் என்பதில் அவனுக்குச் சந்தேகமே கிடையாது. ருக்சானாவுக்கோ குரோன்ஸ் நோய். குடல் வீங்கிப் புண்ணாகும். மூன்று வருஷத்துக்கு முன் சிறுகுடலின் கடைசிப் பகுதியை வெட்டி எடுத்திருந்தார்கள். அன்று ஆஸ்பத்திரிக் கட்டிலருகே ஆசாத் அழுதான். “நீ இருந்தாப் போதும். பிள்ளப் பேச்சே நமக்கு வேணாம்.” அவன் முகத்தைப் பார்த்துத் தலையாட்டினாள். ஆசை மட்டும் அடங்கவில்லை.

கடையில் தினமும் சண்டை. “ஏப்பா ஆசாத், ஊருல உன் பொண்டாட்டி ஒருத்திக்குத்தான் ரத்தம் ஓடணுமா? எனக்கும் ஒரு சுவரொட்டி குடேன்” என்பாள் வாடிக்கைக்காரி சர்புன்னிசா.

“அவளுக்கு ரத்த அளவு பத்து வரட்டும் மாமி, தாரேன்.”

பத்து வரவில்லை. சுவரொட்டியை நம்பி இரண்டு முறை பரிசோதனைக்கும் போகவில்லை. ஒரு நாள் மாடிப்படியில் பாதி ஏறியதும் ருக்சானா மயங்கிச் சரிந்தாள். அன்று ரத்த அளவு, அதாவது ஹீமோகுளோபின், ஆறே முக்கால்.

“சுவரொட்டி மேல குத்தமில்ல” என்றார் டாக்டர் ஜோஸ்பின். “குடல் புண்ணுல ரத்தம் கசியுது. வீக்கம் இருக்குறதால, சாப்பிடுற இரும்புச்சத்தும் உடம்புல சேர மாட்டேங்குது. பி12 சேருற இடத்தையோ வெட்டி எடுத்தாச்சு. வாய் வழியா போனா ஆகாது. நரம்பு வழியாத்தான் ஏத்தணும்.”

ஆசாத் தலையில் கை வைத்துக்கொண்டான். “ஒரு வருஷமா ஊரையே பகைச்சுக்கிட்டேனே டாக்டர்!”

அவன் மருந்து வாங்கப் போன நேரத்தில் ருக்சானா மெல்லக் கேட்டாள். “எனக்குப் பிள்ள பெத்துக்க முடியுமா?”

“முடியும். குடல் ஆறு மாசம் அமைதியா இருக்கணும், ரத்தம் பதினொன்னத் தாண்டணும். அப்புறம் ரெண்டு பேருமா வாங்க.”

அன்றிலிருந்து அவள் மனதில் பதினொன்று மட்டுமே இருந்தது. நரம்பில் இரும்புச்சத்து ஏற்றினார்கள், பி12 ஊசி போட்டார்கள், குடல் வீக்கத்துக்கு மருந்தை மாற்றினார்கள். எட்டரை. ஒன்பது புள்ளி எட்டு. ஒரு மாதம் அங்கேயே நின்று அவளை அழவைத்தது. பிறகு பத்தரை. குடல் அடங்கி ஏழு மாதம் ஆகியிருந்தது.

“ருக்சானா!” என்று பரிசோதனைக்கூடத்திலிருந்து கூப்பிட்டார்கள்.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஆசாத் எழுந்து ஓடி, முடிவுத் தாளைப் பறிக்காத குறையாக வாங்கினான். “பன்னெண்டு! ருக்சு, பன்னெண்டு புள்ளி ஒண்ணு!” அவன் போட்ட சத்தத்தில் காத்திருந்தவர்கள் எல்லோரும் திரும்பிச் சிரித்தார்கள். “சொல்லு, என்ன வேணும் உனக்கு? பட்டுச் சேலையா? கொடைக்கானல் போவமா?”

நாலு மாடிப் படியையும் நிற்காமல் ஏறி வந்த தெம்பு இன்னும் அவள் கால்களில் இருந்தது. மூச்சு வாங்கவில்லை. அவன் கண்களை நேராகப் பார்த்தாள்.

“சேலை வேணாங்க. எனக்கு ஒரு பிள்ள வேணும்.”